‘ஓவர்’ சொன்ன குரல்

1

இது கதையாக வரவேண்டியது இல்லை. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

எங்கள் தீவில், மின்னி பே என்கிற பகுதியில் திருநாவுக்கரசு என்று ஒருவர் இருக்கிறார். வருஷத்துக்கு ஒரு மலர் போடுவார். பொங்கலுக்கு வரவேண்டியது, சில வருஷம் பொங்கல் கழிந்து வரும். அவர் ஷாதிபூரில் என் வீட்டைத் தேடி வந்து, நம் பேச்சில் கலந்துபோன இங்கிலீஷ் வார்த்தை ஒன்றைப் பற்றி ஒரு பக்கம் எழுதித் தரச்சொன்னார்.

“என்கிட்ட எதுக்கு? நான் ஆறாவதோட நின்ன ஆளு.”

“அதனாலதான் அண்ணே. படிச்சவங்க எழுதினா அகராதி மாதிரி இருக்கு.”

இந்தப் பதிலை நான் நம்பவில்லை. எழுதித் தருகிறேன் என்று சொன்ன யாரோ கைவிட்டிருக்க வேண்டும். அந்த ஓட்டையை அடைக்க நான். ஆனாலும் சரி என்றேன். எதற்கென்றால், ஒரு வார்த்தையின் மேல் எனக்கு வெகுநாளாகவே சந்தேகம்.

அது ‘ஓவர்’.

அன்று வீட்டுக்குள் அது வந்துபோன விதத்தைக் கேளுங்கள். மருமகள் காவேரி போனில் தன் தங்கையிடம், “ஓவரா பண்ணாதடி” என்றாள். மாடியில் ஓவர் டேங்க் நிரம்பி வழிந்தது. டிவியில் கடைசி ஓவர். டாக்டர் எனக்குச் சர்க்கரை ஓவர் என்று சொல்லியிருந்தார். எதிர்வீட்டில் ஒரு சம்பந்தம் பேசிக்கொண்டிருந்தார்கள், அது ஓவர் ஆகிவிட்டதாம். ஒரு இடத்தில் மிஞ்சிப்போனது, ஒரு இடத்தில் முடிந்துபோனது, ஒரு இடத்தில் தலைக்கு மேலே இருப்பது, இன்னொரு இடத்தில் ஆறு பந்து. ஒரே ஆசாமி நாலு வீட்டில் நாலு பெயர் சொல்லிச் சாப்பிட்டுவிட்டுப் போகிற மாதிரி. மனிதனாக இருந்தால் இப்படிப்பட்டவனை நான் வாசற்படி ஏறவிடமாட்டேன்.

ஒரே ஒரு இடத்தில்தான் அந்த வார்த்தை ஒழுங்காக வேலை செய்து பார்த்திருக்கிறேன். நான் கப்பலில் கலாசியாக இருந்தவன். வயர்லெஸ்ஸில் பேசுகிறவர்கள் பேசி முடித்ததும் ‘ஓவர்’ என்பார்கள். நான் நிறுத்திக்கொண்டேன், இனி நீ பேசு என்று அர்த்தம். மற்ற இடங்களில் அது மிச்சம் அல்லது முடிவு. அங்கே மட்டும் அடுத்தவனுக்குக் கொடுக்கிற இடம்.

கட்டுரை அங்கே முடிந்தது. ஒரு பக்கமும் நிறைந்துவிட்டது. காகிதத்தின் அடியில் கொஞ்சம் வெள்ளை மிச்சம் இருந்தது. அந்த இடத்தில், ஒரு பெண் கையில் மைக்கைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

அவளை எனக்குத் தெரியாது. அவளைப் பற்றி யாரும் என்னிடம் சொன்னதில்லை. பார்த்ததும் இல்லை. இருந்தும் அவள் எதற்காக உட்கார்ந்திருக்கிறாள் என்பது மட்டும் தெரிந்தது. புருஷன் கடலுக்குப் போய் இன்னும் திரும்பவில்லை.

2

தொடங்கிப் பார்த்தேன்.

“கேம்பல் பேயில் பொழுது பொன்னிறமாகப் புலர்ந்து, அலைகள்—”

கூடாது. கேம்பல் பேயில் பொழுது மற்ற ஊரில் விடிகிற மாதிரிதான் விடியும். புருஷன் வராத வீட்டுக்காரி அலையின் நிறத்தைப் பார்க்கமாட்டாள்.

“வசந்தகுமாரியின் நெஞ்சில் இனம்புரியாத ஒரு—”

இதுவும் கூடாது. இனம் நன்றாகவே புரிந்த பயம் அது. காலையிலேயே சொன்னாள். இஞ்சின் சரியில்லை என்று.

பெயர் வந்துவிட்டது பாருங்கள். வசந்தகுமாரி. கச்சால் தீவின் ரப்பர்த் தோட்டத்தில் பிறந்தவள். சிலோனிலிருந்து திருப்பி அனுப்பப்பட்ட குடும்பம். பால் வெட்டுகிற வேலை பிடிக்காத தேவேந்திரனைக் கட்டிக்கொண்டு, தெற்கே கேம்பல் பே ஊருக்கு வந்தவள். தேவேந்திரனிடம் ஒரு டிங்கி, இஞ்சின் வைத்த சின்னப் படகு. கூட்டாளி குணா. அதே சரிவில் இன்னும் இரண்டு டிங்கிக்காரர்கள். மூன்று பேரும் சேர்ந்து ஒரு வயர்லெஸ் செட் வாங்கி, மேட்டில் இருக்கிறது என்பதால் வசந்தகுமாரி வீட்டில் வைத்தார்கள். டிங்கிகளில் கையடக்க செட். தென்னை மரத்தில் மூங்கில் கட்டி, அதன் நுனியில் ஏரியல்.

(அந்த செட் எங்கே வாங்கியது, அதற்கு அனுமதி இருக்கிறதா என்று கேட்காதீர்கள். கேட்கிற ஆள் என்றால் இந்தப் பக்கத்தைப் புரட்டிவிட்டு மலரில் வேறு ஏதாவது படியுங்கள்.)

அவர்களுக்குள் ஒரு பழக்கம். செட்டில் வசந்தகுமாரிக்குப் பெயர் கிடையாது. ‘கரை’ என்றுதான் கூப்பிடவேண்டும். “கரை, கரை, கேக்குதா, ஓவர்.” கட்டிய புருஷனும் அப்படித்தான். ஒருத்தர் பேசுவது மற்ற எல்லாருக்கும் கேட்கும் என்பதால் வீட்டுப் பேச்சு செட்டில் வரக்கூடாது. காற்று, மீன், எங்கே இருக்கிறோம், எப்போது திரும்புகிறோம், அவ்வளவுதான். ஒருமுறை குணா செட்டில், “கரை, இன்னைக்கு என்னா கொழம்பு, ஓவர்” என்று கேட்டதற்கு மூன்று டிங்கியும் சேர்ந்து ஒரு வாரம் அவனோடு பேசவில்லை.

3

காலையில் நடந்தது இது.

தேவேந்திரன் பெட்ரோல் கேனைத் தூக்கினான். அவள் வாசலை அடைத்துக்கொண்டு நின்றாள்.

“இஞ்சின் நேத்தே இருமுது. குணாவும் சொன்னான். சொக்கலிங்கம் அண்ணன் டிங்கியோட சேந்து போங்க. தனியா போகாதீங்க.”

“அவரு போற எடம் வேற.”

“அப்ப நாளைக்குப் போங்க.”

“நாளைக்கும் இதேதான் சொல்லுவ.”

“ஆமா, சொல்லுவேன். போன மாசம் இப்படித்தான் பாதி வழியில நின்னு—”

“ஓவரா பண்ற, வசந்தா.”

அவ்வளவுதான். கேனோடு அவளைத் தாண்டிப் போய்விட்டான். சோற்று டப்பாவை எடுக்கவில்லை; அது அடுப்பு மேடையிலேயே கிடந்தது.

அவளுக்கு இன்னும் சொல்ல இருந்தது. வாக்கியம் பாதியில் நின்றிருந்தது. கல்யாணம் ஆனதிலிருந்து அவளுடைய முக்கால்வாசி வாக்கியங்கள் அந்த ஒரு வார்த்தையில்தான் வெட்டுப்பட்டிருக்கின்றன என்று எழுதினேன். எழுதிவிட்டு அடித்தேன். அது எனக்கு எப்படித் தெரியும்?

4

மதியத்துக்கு மேல் காற்று திரும்பியது. அந்த மாதத்தில் அது கடலிலிருந்து கரையைப் பார்த்து அடிக்கும். சொக்கலிங்கம் டிங்கி வந்து சேர்ந்தது. மற்றதும் வந்தது. தேவேந்திரன் வரவில்லை.

வசந்தகுமாரி மைக்கை எடுத்தாள். மைக்கின் பக்கவாட்டில் ஒரு பட்டன். அதை அமுக்கினால் பேசலாம், விட்டால் கேட்கலாம். அமுக்கியிருக்கிற வரைக்கும் செட்டின் முகப்பில் ஒரு சிவப்பு விளக்கு எரியும்.

“தேவா டிங்கி, தேவா டிங்கி, கரை கூப்பிடுது. ஓவர்.”

பட்டனை விட்டாள். கரகரவென்று இரைச்சல் மட்டும்.

மறுபடி கூப்பிட்டாள். மறுபடியும் இரைச்சல். வெளியே மழை தொடங்கியது. குணாவின் மனைவி ரூபா நனைந்துகொண்டே வந்து கதவோரம் உட்கார்ந்தாள்.

“தேவா டிங்கி, கரை கூப்பிடுது. எங்கே இருக்கீங்க? காத்து திரும்பிருச்சு. எல்லாரும் வந்துட்டாங்க.” அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக் கடலைப் பார்த்துக்கொண்டே பேசினாள். “காலையில நான் என்னா சொன்னேன்? இஞ்சின் இருமுதுன்னு சொன்னேனா இல்லையா? சொன்னா ஓவருன்னு சொல்லுவீங்க. எதைச் சொன்னாலும் ஓவரு. சோத்தைக்கூட எடுக்காம போனா வயித்துக்கு என்னா போடுவீங்க, குணாவுக்கு என்னா குடுப்பீங்க? அவன் பொண்டாட்டி இங்கே வந்து உக்காந்துருக்கா. அந்தப் புள்ளை மூஞ்சியை என்னால பாக்க முடியல. நான் சண்டைக்குன்னு சொல்லலீங்க. பயத்துல சொன்னேன். பயம்னு சொல்ல வரல, சண்டையா வந்துருச்சு. எதாவது சொல்லுங்க. திட்டுறதுன்னாலும் திட்டுங்க. சும்மா இருக்காதீங்க. பதில் சொல்லுங்க—”

“அக்கா,” என்றாள் ரூபா.

“இரு. பேசிக்கிட்டு இருக்கேன்ல.”

“அக்கா, செவப்பு லைட்டு எரியுது.”

வசந்தகுமாரி திரும்பிப் பார்த்தாள். விளக்கு எரிந்துகொண்டிருந்தது. கட்டைவிரல் பட்டனை அழுத்தி வெளுத்துப்போயிருந்தது. இவ்வளவு நேரமும் ஒரு தடவைகூட விரலை எடுக்கவில்லை.

எடுத்தாள்.

இரைச்சலுக்குள்ளிருந்து ஒரு ஆண் குரல். அதன் வால் மட்டும்.

“—ஓவர்.”

பிறகு இரைச்சல்.

5

இங்கே இரண்டு நாள் நிறுத்தி வைத்தேன்.

என் கையெழுத்தைப் பார்த்துப் போனில் அடித்துக் கொடுப்பது காவேரி. இந்த இடத்துக்கு வந்ததும் போனைக் கீழே வைத்தாள்.

“அவ்ளோ நேரமா பட்டனை அமுக்கிக்கிட்டே பேசுவா, மாமா? தினம் அந்த செட்டைப் புடிக்கிறவ. ஓவரா இருக்கு.”

பாருங்கள். என் கதைக்கும் அதே வார்த்தை.

எனக்கும் அந்தச் சந்தேகம் இருந்தது. தினமும் ‘ஓவர்’ சொல்லி விரலை எடுக்கிறவள். தூக்கத்தில்கூட விரல் தானாக எழுந்துவிடுமே. இவளை நம்பலாமா? கதைக்கு வேண்டும் என்பதற்காக நானே அவள் விரலைப் பிடித்து அழுத்திக்கொண்டிருக்கிறேனோ? அந்தப் பத்தியை அடித்தேன். அவள் ஒழுங்காக ஓவர் சொல்லி, விரலை எடுத்து, இரைச்சலை மட்டும் கேட்கிற மாதிரி மாற்றி எழுதினேன். அதில் அவள் தவறே செய்யவில்லை. அதனாலேயே அவளை எனக்கு அடையாளம் தெரியவில்லை.

மறுநாள் துணி காயப்போட்டுக்கொண்டே காவேரி சொன்னாள்:

“காலையில அவரு பேசவே விடலல்ல. இதுல பட்டனை அமுக்கியிருக்கிற வரைக்கும் யாரும் குறுக்கப் பேச முடியாது. அதான் விடல அவ.”

“அப்ப ஓவரா இருக்குன்னு சொன்ன?”

“அது நேத்து. இப்ப பழசையே போட்டுடுங்க, மாமா.”

பழையதையே போட்டேன்.

6

“கூப்பிடுங்கக்கா. அது அவங்கதான். திரும்பக் கூப்பிடுங்க.”

வசந்தகுமாரி மைக்கை வாயருகே கொண்டுபோனாள். விரல் பட்டன் மேல் வந்தது. அமுக்கவில்லை.

அமுக்கினால் அவளுக்குக் கேட்காது. அந்த நேரத்தில்தான் அவர் மறுபடி பேசிக்கொண்டிருந்தால்? அமுக்காவிட்டால், கரையில் ஆள் இருக்கிறது என்பதே அவருக்குத் தெரியாது. கேட்கவில்லை போல என்று செட்டை அணைத்துவிட்டால்? கையடக்க செட்டின் பாட்டரி எவ்வளவு நேரம் தாங்கும்?

கடைசியில் அமுக்கினாள். “தேவா டிங்கி, திரும்பச் சொல்லுங்க. ஓவர்.” சுட்டதுபோல விரலை எடுத்தாள். இருவரும் காதைக் கொடுத்துக் கேட்டார்கள். மழை. இரைச்சல். வேறு ஒன்றும் இல்லை.

சொக்கலிங்கம் படியேறி வந்தார். இடுப்பில் அவருடைய செட்.

“அண்ணே, உங்க செட்டு ஆன்ல இருந்துச்சா? எதாவது கேட்டீங்களா?”

அவர் தலைத்துண்டை அவிழ்த்துப் பிழிந்தார்.

“கேட்டுச்சு, அண்ணி. உங்க சத்தம்தான் கேட்டுச்சு.”

“எதுவரைக்கும்?”

“முழுசும். படகு ஜெட்டியில இருந்த எல்லாரும் கேட்டோம். நீங்க கிட்டக்க இருக்கீங்கல்ல, உங்க சத்தம் மத்ததை அமுக்கிரும்.”

சோற்று டப்பா முதல் பயம் வரைக்கும் ஊர் கேட்டிருக்கிறது. கடலிலிருந்து வந்ததை ஒருவரும் கேட்கவில்லை. வசந்தகுமாரி தரையைப் பார்த்தாள். அவமானப்பட அவளுக்கு நேரம் இல்லை. அது பிறகு வரும் என்று தள்ளிவைத்தாள்.

“கடைசியில ஒரு ஓவர் மட்டும் வந்துச்சுண்ணே. ஆம்பளைக் குரல்.”

“ரூபாவும் கேட்டுச்சா?”

“கேட்டேன் பையா,” என்றாள் ரூபா, அண்ணனை இந்தியில் கூப்பிடுகிற எங்கள் தீவு வழக்கப்படி. “யாருன்னு தெரியல. ஒரு வார்த்தைதானே.”

சொக்கலிங்கம் குத்துக்கால் போட்டு அமர்ந்தார்.

“சொல்றதைக் கேளுங்க, அண்ணி. அது தேவான்னா, அவன் ரொம்ப தூரத்துல இல்லை. அந்தச் சின்ன செட்டு அவ்ளோ தூரம் எட்டாது. இஞ்சின் நின்னு, தெக்கால இழுத்துக்கிட்டுப் போவுது. வெளிச்சம் போறதுக்குள்ள எறங்கினா புடிச்சிரலாம். அது தேவா இல்லைன்னா…” கடலைக் காட்டினார். “பாக்குறீங்கல்ல. இதுல நாங்க மூணு பேரு சும்மா எறங்குற மாதிரி ஆயிரும். தெலுங்குக்காரங்க டிங்கியும் இந்த சேனல்ல வருது. பெங்காலிங்களும் பேசுறாங்க. எல்லாருமே ஓவர்தான் சொல்றான்.”

“கடல் போலீஸுக்கு?”

“சொல்லியாச்சு. படகு வடக்கே போயிருக்காம். வரும்னாங்க. மத்லப், காலையிலதான்னு அர்த்தம்.” அவர் அவளை நேராகப் பார்த்தார். “நீங்க சொல்லுங்க. அது அவன் குரலா? ஆமான்னா நான் எறங்குறேன். ஒரு வார்த்தை, பஸ், அது போதும்.”

7

(இந்த இடத்தில் திருநாவுக்கரசு போன் செய்தார். “அண்ணே, ஒரு பக்கம் கேட்டேன். காவேரி அனுப்பினதைப் பாத்தா போய்க்கிட்டே இருக்கு.” அவர் படித்தாரா, அளந்து மட்டும் பார்த்தாரா என்று தெரியவில்லை. “ஒண்ணு மட்டும் பாத்துக்கோங்க. பொங்கல் மலர்ல சாவு வேணாம்.” சரி என்று சொல்லவில்லை. இல்லை என்றும் சொல்லவில்லை. போனை வைத்துவிட்டேன்.)

அது அவன் குரல்தானா?

வசந்தகுமாரி அந்த ஒரு வார்த்தையைத் தலைக்குள் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தாள். அவன் பெயர் சொல்லியிருந்தால் போதும். ‘கரை’ என்றிருந்தால்கூடப் போதும், ‘கரை’ என்பது இந்த மூன்று டிங்கிக்கும் மட்டும் உரியது. விழுந்தது ஊருக்கெல்லாம் பொதுவான வார்த்தை. காலையில் அதே வாய் அதே வார்த்தையை அவள் முகத்துக்கு நேரே சொன்னது. அதையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள். காலையில் சொன்னதில் எரிச்சல் இருந்தது. இதில் இல்லை. இதில் களைப்பு. இல்லை, களைப்பும் இல்லை. நீளமாக எதையோ சொல்லி முடித்தவன் மூச்சு விடுகிற மாதிரி.

அவன் நீளமாகப் பேசுகிறவனே இல்லை.

அதுதான் அவளைப் பயமுறுத்தியது. அவனாக இருக்க முடியாது என்பதற்கும் அதுவே சாட்சி. அவனாக இருந்தால் அவன் என்ன சொன்னான் என்பதை நினைக்கவே முடியவில்லை என்பதற்கும் அதுவே சாட்சி.

சொக்கலிங்கத்துக்கு இரண்டு பெண் பிள்ளைகள் என்பது அவளுக்கு ஞாபகம் வந்தது. வராமல் இருந்திருக்கலாம். அவருடன் இறங்கப்போகிற மற்ற இருவரும் மழையில் நின்று அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். ரூபாவும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நானும்தான். அவள் என்ன சொல்வாள் என்று எனக்குத் தெரியாது. எழுதுகிறவனுக்கு எல்லாம் தெரியும் என்று சொல்கிறவர்களை நம்பாதீர்கள்.

“அவருதாண்ணே,” என்றாள்.

“நிச்சயமா?”

“நிச்சயம்னு கேட்டீங்கன்னா சொல்ல மாட்டேன். அவருதான்.”

சொக்கலிங்கம் எழுந்தார். “சலோ,” என்று வாசலைப் பார்த்துச் சொன்னார். படியில் நின்று திரும்பினார். “அண்ணி, நாங்க கூப்பிட்டா மட்டும் பேசுங்க. மத்த நேரம் கையை அதுலேருந்து எடுத்துருங்க.”

“எடுத்துர்றேன்.”

8

முடிவு எழுதினேன்.

முதல் முடிவில் தேவேந்திரனும் குணாவும் துடுப்பால் நீரைத் தள்ளிக்கொண்டு தெற்கே ஒரு பாறை மறைவில் ஒண்டியிருக்கிறார்கள். சொக்கலிங்கமும் மற்ற இருவரும் அவர்களைக் கொண்டுவந்து சேர்க்கிறார்கள். அவன் ஈரத்தோடு வாசலில் நின்று, “ஊரெல்லாம் கேட்டுருச்சாமே உன் பேச்சு,” என்கிறான். “நீங்க கேட்டீங்களா?” என்கிறாள். “கேட்டுக்கிட்டுத்தான் இருந்தேன். நீ விட்டாத்தானே நான் பேச.” இதை எழுதும்போது எனக்கே சிரிப்பு வந்தது. அதனால்தான் சந்தேகம். திருநாவுக்கரசுக்குப் பிடிக்கும் என்பதற்காக எழுதியிருப்பேனோ?

இரண்டாவது முடிவில் போனவர்கள் வெறும் டிங்கியோடு திரும்புகிறார்கள். செட்டை அந்த வீட்டிலிருந்து எடுத்துக்கொண்டு போய்விடுகிறார்கள். யாரும் அவளை எதுவும் சொல்லவில்லை. தென்னை மரத்தில் மூங்கில் மட்டும் நிற்கிறது. எழுதி முடித்து ராத்திரி சாப்பிடவில்லை. காவேரி இதை அடிக்கமாட்டேன் என்று சொல்லிவிட்டாள்.

மூன்றாவதில் அந்தக் குரல் யாரோ ஒரு தெலுங்குக்காரருடையது. சொக்கலிங்கத்தின் டிங்கி பாறையில்—

போதும்.

மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். ஒன்று சுகமாக இருக்கிறது, ஒன்று கொடுமையாக இருக்கிறது, ஒன்று பழிவாங்குகிறது. ஆனால் மூன்றிலும் பேசிக்கொண்டிருப்பது நான் ஒருவன்தான். தொடங்கியதிலிருந்து நான்தான் பேசுகிறேன். சிவப்பு விளக்கு எரிவதை இப்போதுதான் பார்க்கிறேன்.

எனக்குத் தெரிந்த வரைக்கும் இவ்வளவுதான்:

வெளிச்சம் போய்க்கொண்டிருக்கிறது. ரூபா சோற்று டப்பாவைத் திறந்து, ஒரு கவளம் உருட்டி வசந்தகுமாரியின் வாயில் வைக்கிறாள். மறுக்கவில்லை. செட் திடீரென்று பேசுகிறது.

“கரை, கரை, கேக்குதா? சொக்கலிங்கம். முனையைத் தாண்டிட்டோம். ஓவர்.”

வாயில் சோற்றோடு அமுக்குகிறாள். “கேக்குது. ஓவர்.” விரலை எடுக்கிறாள்.

மைக்கை மடியில் கவிழ்த்துவைத்து இரண்டு கையையும் அதிலிருந்து விலக்கிக்கொள்கிறாள். இரைச்சல் கூடுகிறது, குறைகிறது. அதற்குள் ஏதோ இருக்கிற மாதிரியும் இருக்கிறது. இல்லாத மாதிரியும் இருக்கிறது. ரூபா செட்டின் பக்கம் காதைச் சாய்க்கிறாள்.

நீங்கள் யார் என்று எனக்குத் தெரியாது. இதுவரை கூட வந்தீர்களா, நடுவிலேயே போய்விட்டீர்களா என்பதும் தெரியாது. நான் பேசிக்கொண்டே இருந்தால் தெரியப்போவதும் இல்லை.

விரலை எடுக்கிறேன்.